போர்ச்சில் தொங்கும் நீலம், வெள்ளை, சிவப்பு: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வட கரோலினாவில் நாங்கள் வீடு வாங்கிப் பதினொரு வருஷம் ஆகிறது. வாசலில் மரக் கைப்பிடி போட்ட போர்ச், அதாவது கூரை போட்ட முன்திண்ணை, ஒன்று உண்டு. மே மாதம் பாதி தாண்டினால் போதும், எங்கள் தமிழ்க் குழுவிலும் பள்ளிப் பேருந்து நிற்கும் முனையிலும் அந்தக் கைப்பிடியில் தொங்கும் துணியைப் பற்றியே என்னிடம் கேட்கிறார்கள். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொன்னதை இங்கே ஒன்றாக எழுதியிருக்கிறேன். கேள்விகள் அவரவர் கேட்டபடியே இருக்கின்றன.

"அக்கா, ஜூலை நாலு வந்தா எல்லார் வீட்டு முன்னாடியும் அரைவட்டமா ஒரு துணி தொங்குதே, அதுவும் கொடிதானா?"

இல்லை. கொடியின் நிறங்களில் செய்த அலங்காரத் துணி அது. பன்ட்டிங் என்பார்கள். முதலில் கொடி தைக்கப் பயன்பட்ட மெல்லிய கம்பளித் துணிக்குத்தான் அந்தப் பெயர் இருந்தது, பிறகு அலங்காரத்துக்கே அது பெயராகிவிட்டது. கடையில் அரைவட்ட வடிவம் வேண்டுமென்றால் 'ப்ளீட்டட் ஃபேன்' என்று கேளுங்கள். பரதநாட்டியத்தில் அரைமண்டியில் உட்காரும்போது உடையின் முன்னால் ஒரு விசிறி விரியுமே, அதே அமைப்புதான். மேலே ஒரு புள்ளியில் சுருங்கி, கீழே அரைவட்டமாக விரியும். நான் இதை விசிறி என்றே சொல்கிறேன்.

பேஸ்பால் மைதானங்களில் சீசனின் முதல் நாளிலும், அதிபர் பதவியேற்கும்போது நாடாளுமன்றக் கட்டடமான கேப்பிடலிலும் இதைப் பார்த்திருப்பீர்கள்.

"எங்ககிட்ட பெரிய கொடி ஒண்ணு சும்மா கிடக்கு. அதையே கைப்பிடியில சுத்திக் கட்டிட்டா ஆகாதா?"

தயவுசெய்து வேண்டாம். இந்தப் பக்கத்தில் ஒரே ஒரு பதிலைத்தான் படிக்கப் போகிறீர்கள் என்றால் இதைப் படியுங்கள்.

அமெரிக்கக் கொடிக்கு ஒரு விதித் தொகுப்பு இருக்கிறது. 1923 ஜூன் 14 அன்று வாஷிங்டனில் பல அமைப்புகள் கூடி எழுதினார்கள், 1942 ஜூன் 22 அன்று நாடாளுமன்றமான காங்கிரஸ் அதைச் சட்டமாக்கியது. அதன்படி கொடியைத் திரைச்சீலையாகப் பயன்படுத்தக் கூடாது. கொசுவியோ, சுருக்கியோ, இழுத்து வளைத்தோ கட்டக் கூடாது. அது எப்போதும் தானாக, தடையில்லாமல் விழ வேண்டும். பன்ட்டிங்கைப் பற்றியும் அங்கேயே சொல்லியிருக்கிறது: மேடை முகப்புக்கும் பொதுவான அலங்காரத்துக்கும் நீலம், வெள்ளை, சிவப்புத் துணியைப் பயன்படுத்துங்கள் என்று. மடிக்க, வளைக்க, கட்ட என்றே தனியாக ஒரு துணி இருக்கும்போது கொடியை ஏன் கசக்க வேண்டும்?

உங்களிடம் இருக்கும் கொடியைப் போர்ச் சுவரில் தட்டையாக, சுருக்கம் இல்லாமல் தொங்கவிடலாம். படுக்கையாக மாட்டினாலும் நெடுக்காக மாட்டினாலும், தெருவிலிருந்து பார்ப்பவருக்கு நட்சத்திரப் பகுதி இடது மேல் மூலையில் தெரிய வேண்டும்.

"தப்பாக் கட்டினா ஃபைன் போடுவாங்களா?"

மாட்டார்கள். அந்தத் தொகுப்பு முழுக்க 'இப்படிச் செய்ய வேண்டும்' என்ற அறிவுரை நடையில் இருக்கிறது. வீட்டில் கொடியை இப்படிக் கட்டியதற்காக யாரையும் தண்டிக்க அதில் இடமில்லை. 1989இல் டெக்சஸ் வழக்கு ஒன்றில், கொடியை எரிப்பதுகூடக் கருத்துச் சுதந்திரத்தில் அடங்கும் என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொல்லிவிட்டது.

ஆனாலும் நான் விதிப்படியே செய்கிறேன். எங்கள் தெருவில் இரண்டு வீடுகளில் ராணுவத்தில் பிள்ளையை இழந்தவர்கள் இருக்கிறார்கள். தினமும் அவர்கள் என் போர்ச்சைத் தாண்டித்தான் நடக்கிறார்கள்.

"நீலம் மேல வரணுமா, சிவப்பு மேல வரணுமா?"

நீலம் மேலே, வெள்ளை நடுவில், சிவப்பு கீழே. இதையும் கொடி விதியே சொல்கிறது. விசிறி வடிவத்தில் மேலே சுருங்கும் புள்ளியைச் சுற்றி நீலம் இருக்க வேண்டும், கீழ்வளைவின் ஓரத்தில் சிவப்பு. கடைகளில் நிறங்களை மாற்றி அடுக்கியதும் விற்கிறார்கள். வாங்குமுன் படத்தை ஒருமுறை உற்றுப் பாருங்கள். நீலப் பட்டையில் நட்சத்திரம் அச்சடித்திருந்தால் பரவாயில்லை.

"எப்ப மாட்டணும், எப்பக் கழட்டணும்?"

கட்டாயம் எதுவும் இல்லை. மே மாதக் கடைசித் திங்கள் வரும் மெமோரியல் டே, ஜூன் 14 கொடி நாள், ஜூலை 4, செப்டம்பர் முதல் திங்கள் லேபர் டே (தொழிலாளர் நாள்), நவம்பர் 11 வெட்டரன்ஸ் டே (முன்னாள் ராணுவத்தினர் நாள்) ஆகியவைதான் வழக்கமான நாட்கள். மே கடைசியில் மாட்டிச் செப்டம்பரில் கழற்றுபவர்கள் நிறைய. எனக்கு அது சரிப்படவில்லை. கரோலினா வெயிலில் மூன்று மாதம் தொங்கினால் சிவப்பு இளஞ்சிவப்பாகிவிடும். வெளுத்த துணி தொங்குவதைவிட வெறும் கைப்பிடியே அழகு. நான் ஜூன் 14க்கு முந்தின சனிக்கிழமை மாட்டி, ஜூலை 4க்கு அடுத்த வார இறுதியில் கழற்றிவிடுகிறேன்.

2026 ஜூலை 4, விடுதலை அறிவிப்பின் 250ஆம் ஆண்டு. அதற்காகவே முதன்முறையாக வாங்குகிறேன் என்று பலர் சொன்னார்கள். எந்த வருஷமானாலும் ஜூன் கடைசி வரை தள்ளிப் போடாதீர்கள். நல்ல துணி முதலில் தீர்ந்து, மெல்லிசு மட்டும்தான் மிஞ்சும்.

"எந்த சைஸ், எத்தனை வாங்கணும்?"

டேப் எடுத்துக்கொண்டு வெளியே போங்கள். கைப்பிடியின் இரண்டு தூண்களுக்கு நடுவே உள்ள அகலத்தை ஒவ்வொரு இடைவெளிக்கும் தனியாக அளக்க வேண்டும். எல்லாம் ஒரே அகலம் என்று நினைப்போம், இருக்காது. கடைகளில் அதிகம் கிடைப்பது இரண்டு அளவு: 3 அடி உயரம் 6 அடி அகலம், ஒன்றரை அடி உயரம் 3 அடி அகலம். அகலம் எப்போதும் உயரத்தைப் போல இரு மடங்கு.

கைப்பிடிகள் பெரும்பாலும் 3 அடி உயரம்தான். அதில் 3 அடி விசிறியை மாட்டினால் முழுசாக மறைத்துவிடும், கீழே செடி இருந்தால் துணி அதன் மேல் உரசும். இரண்டடி உயரத்தில் கிடைத்தால் கண்ணுக்கு நன்றாக இருக்கும். எத்தனை என்றால், படிக்கட்டின் இரு பக்கமும் ஒரே எண்ணிக்கை. இடப்பக்கம் இரண்டு, வலப்பக்கம் ஒன்று என்று மாட்டினால் தெருவிலிருந்து பார்க்கும்போது வீடு சாய்ந்த மாதிரி தெரியும்.

"காட்டன் நல்லதா, நைலான் நல்லதா? விலையில இவ்வளவு வித்தியாசம் இருக்கே?"

முதல் வருஷம் நான் மலிவாகக் கிடைத்த ஒன்றை வாங்கினேன். ஜூலை 3 சாயங்காலம் ஒரு மணி நேரம் இடிமழை. மறுநாள் காலையில் பார்த்தால் வெள்ளைக் கைப்பிடி முழுக்கச் சிவப்பு ஓடியிருந்தது. விருந்தாளிகள் வருவதற்குள் நானும் கணவரும் சோப்பு நீரும் பிரஷ்ஷுமாகத் தேய்த்தோம். போகவில்லை, கடைசியில் பெயின்ட்தான் அடிக்க வேண்டியிருந்தது.

அதற்குப் பிறகு கற்றுக்கொண்டது இது. நைலான் லேசு, சீக்கிரம் காயும், நிறம் பளிச்சென்று நிற்கும், விலை கூடுதல். மழையும் வெயிலும் நேராக அடிக்கும் போர்ச்சுக்கு அதுதான் ஏற்றது. காட்டன் மடிப்பு விழுவதே தனி அழகு, பழைய போட்டோக்களில் பார்ப்பது போல இருக்கும். ஆனால் தண்ணீரைக் குடித்துக்கொண்டு கனத்துத் தொங்கும், ஈரத்தோடு விட்டால் பூசணம் பிடிக்கும். கூரை நன்றாக நீண்ட போர்ச் உங்களுடையது என்றால் காட்டனே வாங்குங்கள். அச்சடித்த மெல்லிய பாலியஸ்டர் ஒரு வாரத்துக்குப் போதும். துணியைத் திருப்பிப் பாருங்கள். பின்பக்கம் வெளிறி இருந்தால் ஒரு பக்கம் மட்டும் அச்சடித்தது, போர்ச்சுக்குள் உட்கார்ந்திருப்பவருக்கு அந்த வெளிறிய பக்கம்தான் தெரியும்.

எதை வாங்கினாலும், ஒரு வெள்ளைத் துணியை ஈரமாக்கிச் சிவப்புப் பட்டையில் அழுத்தித் தேய்த்துப் பாருங்கள். ஒட்டினால் மாட்டாதீர்கள்.

"ஆணி அடிக்காம மாட்ட முடியுமா? வீட்டுக்காரர் ஓட்டை போட விட மாட்டேங்கிறார்"

முடியும். விசிறியின் நேர்விளிம்பில் பித்தளை வளையங்கள் இருக்கும். அதற்குள் ஜிப் டை எனும் பிளாஸ்டிக் கட்டு நாடாவை நுழைத்துக் கைப்பிடியைச் சுற்றி இறுக்கினால் வேலை முடிந்தது. வெள்ளைக் கைப்பிடிக்கு வெள்ளை ஜிப் டை வாங்குங்கள், கறுப்பு எடுப்பாகத் தெரியும். முதலில் இரண்டு முனைகள், அப்புறம் நடு, அதற்குப் பிறகு மற்றவை. முனைகளை இழுத்துப் பிடித்து மேல்விளிம்பு தொய்யாமல் நேர்கோடாக நிற்கச் செய்ய வேண்டும். மேலே தொய்ந்தால் கீழே எவ்வளவு நீவினாலும் விசிறி விரியாது. எல்லாவற்றையும் தளர்வாக மாட்டிவிட்டுத் தெருவுக்குப் போய்ப் பார்த்து, பிறகு இறுக்குங்கள். நான் மகளைத் தெருவோரம் நிறுத்திவிடுவேன், அவள் 'இன்னும் கொஞ்சம் மேலே' என்று கத்தக் கத்த நகர்த்துவேன்.

கைப்பிடி இல்லாமல் செங்கல் சுவராக இருந்தால், கல்லின் மேல் கீழ் விளிம்பைக் கவ்விக்கொள்ளும் பிரிக் கிளிப் கிடைக்கிறது. துளை வேண்டாம். ஆனால் இரண்டு கல்லுக்கு நடுவே உள்ள பூச்சு சற்று உள்வாங்கி இருந்தால்தான் அது பிடிக்கும். ஒட்டும் கொக்கிகளை நம்பாதீர்கள், ஜூலைச் சூட்டில் பசை இளகிவிடும். ஸ்டேப்ளர் துணியைக் கிழிக்கும், மழையில் துருக்கறையும் விடும்.

கழற்றும்போது ஜிப் டையைக் கத்தரிக்கோலால் வெட்டினால் துணியில் படும். நகவெட்டி பாதுகாப்பு.

"பெட்டியிலேருந்து எடுத்தா ஒரே சுருக்கம். இஸ்திரி போடலாமா?"

நைலானுக்கு இஸ்திரி மிகக் குறைந்த சூட்டில், மேலே ஒரு பருத்தித் துணி போட்டு. நீராவிக் கருவி இருந்தால் மாட்டிய பிறகு நின்ற இடத்திலேயே நீவிவிடலாம். தைத்த மடிப்புகளைத் தட்டையாக்கிவிடாதீர்கள், புடவைக் கொசுவத்தை நீவுவது போல ஒவ்வொன்றாக மேலிருந்து கீழே கையாலேயே பிடித்து விடுங்கள்.

"ராத்திரி எடுத்து வைக்கணுமா? மழை வந்தா?"

சூரிய உதயம் முதல் அஸ்தமனம் வரை, இரவில் வைத்தால் வெளிச்சம் வேண்டும், மழை தாங்கும் துணியாக இல்லாவிட்டால் மழையில் ஏற்றக் கூடாது என்பதெல்லாம் கொடிக்கு. பன்ட்டிங் இரவும் மழையும் அங்கேயே இருக்கலாம். புயல் எச்சரிக்கை வந்தால் மட்டும் கழற்றிவிடுங்கள். வளையம் பிய்ந்தால் துணி நடுவரை கிழியும்.

பார்பிக்யூ அடுப்பும் மத்தாப்பும் துணிக்குப் பக்கத்தில் வேண்டவே வேண்டாம். தீபாவளிக்கு வைக்கும் அகலும் அப்படித்தான். நைலானில் ஒரு பொறி பட்டால் உருகி ஓட்டை விழும்.

"நானே தைக்கலாம்னு பார்க்கிறேன், துணி எவ்வளவு எடுக்கணும்? பழைய காட்டன் புடவை ஆகுமா?"

இந்தக் கேள்வி வந்தாலே எனக்குச் சந்தோஷம். விசிறி பார்க்கச் சிக்கலாகத் தெரியும், உள்ளே இருப்பது ஒரு நீளப் பட்டைதான்.

3 அடிக்கு 6 அடி விசிறிக்கு நீலம், வெள்ளை, சிவப்பு மூன்றிலும் 12 அடி நீளம், 13 அங்குல அகலம் வெட்டிக்கொள்ளுங்கள். அந்த ஓர் அங்குலம் தையலுக்கு. மூன்றையும் நீளவாக்கில் சேர்த்துத் தைத்தால் 3 அடி அகலப் பட்டை கிடைக்கும். சுற்றிலும் ஓரம் மடித்து அடியுங்கள். இப்போது நீல ஓரம் முழுக்க இரட்டை நூலில் ஓட்டுத் தையல் போட்டு, பூச்சரம் கட்டும்போது இழுப்பது போல இழுத்து ஒரே புள்ளியாகச் சுருக்கி முடிச்சுப் போடுங்கள். பட்டையின் இரண்டு முனைகளும் தாமாக இரு பக்கம் விரியும். ஒவ்வொன்றும் 3 அடி, சேர்ந்தால் 6 அடி நேர்விளிம்பு. சிவப்பு ஓரம் கீழே அரைவட்டமாகிவிடும். அந்த வளைவின் நீளம் சுமார் ஒன்பதரை அடிதான். மிச்சம் உள்ள இரண்டரை அடிதான் அலை அலையாக மடிப்பு விழ வைக்கிறது. ஒன்பதரை அடியோடு நிறுத்தினால் துணி மிச்சம், ஆனால் விசிறி சப்பையாக இருக்கும்.

பழைய புடவை தாராளமாக ஆகும். பல முறை துவைத்த காட்டன் என்பதால் மடிப்பு நன்றாக விழும். கரையை வெட்டிவிடுங்கள். சிவப்பையும் நீலத்தையும் தனித்தனியாகத் துவைத்து, தண்ணீர் தெளிவாக வரும்வரை அலசிய பிறகே வெள்ளையோடு சேருங்கள். என் அம்மாவின் நீலச் சுங்குடி ஒன்று எங்கள் போர்ச்சில் நாலு வருஷம் தொங்கியது. அதன் வெள்ளைப் புள்ளிகளை நட்சத்திரம் என்றே பக்கத்து வீட்டுப் பெரியவர் நினைத்திருந்தார்.

"எச்.ஓ.ஏ.விலேருந்து லெட்டர் வந்திருக்கு. கொடியைத் தடுக்க முடியாதுன்னு சட்டம் இருக்காமே?"

இருக்கிறது. 2006இல் கையெழுத்தான சட்டம் ஒன்று, சொந்த வீட்டில் அமெரிக்கக் கொடி பறக்கவிடுவதைக் எச்.ஓ.ஏ. எனும் குடியிருப்புச் சங்கங்கள் தடுக்கக் கூடாது என்கிறது. நேரம், இடம், முறை பற்றி நியாயமான கட்டுப்பாடு போட அவற்றுக்கு உரிமை உண்டு. ஆனால் முதல் கேள்வியில் சொன்னது இங்கே நமக்கு எதிராகத் திரும்புகிறது: பன்ட்டிங் கொடி இல்லை. ஆகவே அந்தச் சட்டத்தைக் காட்டி வாதாட முடியாது.

உங்கள் சங்க விதிகளில் 'பருவகால அலங்காரம்' என்ற தலைப்பைத் தேடுங்கள். விழாவுக்கு முன்னும் பின்னும் எத்தனை நாள் வைக்கலாம் என்று அங்கே இருக்கலாம். எனக்கும் ஒருமுறை கடிதம் வந்தது. ஆகஸ்ட் பாதி வரை கழற்றாமல் விட்டிருந்தேன், தவறு என்னுடையதுதான்.

"மெமோரியல் டே துக்க நாள் ஆச்சே, அன்னைக்கு அலங்காரம் பண்றது சரியா?"

நல்ல கேள்வி. போரில் இறந்தவர்களுக்கான நாள் அது. உள்நாட்டுப் போர் முடிந்தபின், 1868 மே 30 அன்று நாடு தழுவி அனுசரித்தபோது அதன் பெயரே டெக்கரேஷன் டே, அதாவது அலங்கார நாள். கல்லறைகளைப் பூவால் அலங்கரித்தார்கள். அதனால் துணி தொங்கவிடுவது தவறில்லை. கொடிக்கம்பம் வைத்திருந்தால் நண்பகல் வரை அரைக்கம்பம், பிறகு உச்சிக்கு. அன்றைக்கு 'ஹாப்பி' சேர்த்து வாழ்த்து மட்டும் சொல்லாதீர்கள்.

துக்கத்துக்கென்றே கறுப்பு பன்ட்டிங் உண்டு. 1865 ஏப்ரலில் லிங்கன் இறந்தபோது ஊர் ஊராகக் கட்டடங்களில் கறுப்புத் துணி தொங்கவிட்டார்கள். இன்றும் தீயணைப்பு வீரர் ஒருவர் பணியில் இறந்தால் அவருடைய நிலையத்தின் முகப்பில் கறுப்பும் ஊதாவும் தொங்கும்.

"கிரீன் கார்டே வரல. நாங்க இதெல்லாம் மாட்டினா மத்தவங்க என்ன நினைப்பாங்க?"

மெல்லிய குரலில், கூட்டம் கலைந்த பிறகுதான் இதைக் கேட்கிறார்கள். குடியுரிமை இருந்தால்தான் மாட்டலாம் என்று எந்த விதியும் இல்லை. நாங்கள் முதல் விசிறியை மாட்டியபோது எங்களுக்கும் வேலை விசாதான். எதிர்வீட்டு அம்மா வந்து நடு வளையத்தைச் சரிசெய்து கொடுத்துவிட்டு, சாயங்காலம் பீச் பழம் வைத்துச் சுட்ட 'பை' பலகாரம் ஒன்றும் கொண்டுவந்தார். இந்த ஊர்த் தண்ணீரைக் குடித்து, இந்த ஊர்ப் பள்ளியில் பிள்ளைகளைப் படிக்கவைத்து, வரி கட்டி வாழ்கிறோம். ஊர்த் திருநாளில் நம் வாசலும் சேர்ந்திருக்கட்டும் என்று எனக்கு ஆசை. மனசு ஒப்பவில்லை என்றால் மாட்டாமல் இருப்பதிலும் தவறில்லை.

"ஆகஸ்ட் 15க்கு நம்ம மூவர்ணத்துல இதே மாதிரி விசிறி செஞ்சு மாட்டலாமா?"

இந்தியக் கொடி விதி இதில் இன்னும் கண்டிப்பு. 2002ஆம் ஆண்டு விதித் தொகுப்பு, தேசியக் கொடியைத் தோரணமாகவோ பன்ட்டிங்காகவோ வேறு அலங்காரமாகவோ பயன்படுத்தக் கூடாது என்கிறது. நடுவில் சக்கரம் அச்சடித்த மூவர்ண விசிறிகள் இணையத்தில் விற்கின்றன. நான் வாங்குவதில்லை.

கொடியையே ஏற்றுங்கள். 2021 டிசம்பர் 30 திருத்தத்துக்குப் பிறகு, கதர் மட்டுமல்ல, இயந்திரத்தில் நெய்த பாலியஸ்டர் கொடிக்கும் அனுமதி உண்டு. அமெரிக்கக் கொடியும் உடன் இருந்தால் தனித்தனிக் கம்பம், ஒரே உயரம், ஏறக்குறைய ஒரே அளவு. ஒரு நாட்டின் கொடிக்குக் கீழே இன்னொன்றைக் கட்டக் கூடாது. தெருவிலிருந்து பார்ப்பவருக்கு அமெரிக்கக் கொடி இடப்பக்கம். அலங்காரத்துக்கு மாவிலைத் தோரணமும் செவ்வந்திச் சரமும் இருக்கவே இருக்கின்றன. கைப்பிடியில் செவ்வந்தி சுற்றினால் எந்த விசிறியும் கிட்டே வராது.

"ஜூலை நாலு அன்னைக்கு நிலைவாசல்ல மாவிலை இருந்தா எடுக்கணுமா?"

வேண்டாம். தோரணம் நிலைப்படியில், விசிறி கைப்பிடியில். எங்கள் வீட்டில் இரண்டும் இருக்கும்.

"கிழிஞ்சு வெளுத்துப் போச்சு. குப்பையில போட்டா பாவமா?"

கொடியாக இருந்தால் குப்பையில் போடாதீர்கள். மரியாதையோடு எரிப்பதே முறை. அமெரிக்கன் லீஜன் போன்ற முன்னாள் ராணுவத்தினர் சங்கங்கள் பழைய கொடிகளை வாங்கிக்கொண்டு அதைச் செய்கின்றன. பன்ட்டிங்குக்கு அப்படி விதி இல்லை. நைலானைக் கொல்லைப்புற நெருப்பில் மட்டும் போட்டுவிடாதீர்கள், உருகிப் புகை நாறும். காட்டன் என்றால் பிரித்து வேறு வேலைக்கு எடுக்கலாம். சாயம் ஓடிய அந்த முதல் விசிறியை மட்டும்தான் நான் தூக்கி எறிந்தேன். அம்மாவின் சுங்குடியை மடித்து உள்ளே வைத்திருக்கிறேன். அதோடு சேர்த்துத் தைத்த வெள்ளைப் பட்டை, கிழித்த நாடாக்களாகி, இப்போது தக்காளிச் செடிகளைக் குச்சியோடு பிடித்துக்கொண்டிருக்கிறது.